யாரும் பேசாத ஆங்கிலச் சொற்களை வாயில் ஏற்றுவது எப்படி? முழுமையான வழிகாட்டி

"எபிடோம்" என்று ஒரு ஆங்கிலச் சொல்லை ஏழெட்டு வருடமாகச் சொல்லிக்கொண்டு திரிந்தவள் நான். பாடசாலைக் காலத்தில் ஒரு பேச்சுப் போட்டி. மேடையேறி, ஒலிவாங்கியை இறுக்கிப் பிடித்துக்கொண்டு, அதே சொல்லை இரண்டு தடவை அடித்துச் சொன்னேன். இறங்கி வரும்போது நடுவராக இருந்த ரீச்சர் பக்கத்தில் கூப்பிட்டு, "மகள், அது இபிட்டமி" என்றார். அவ்வளவுதான். ஒன்றின் அச்சொட்டான உதாரணம் என்று அதன் பொருள் எனக்குத் தெரியும், எழுத்துக்கூட்டத் தெரியும், வசனத்தில் வைக்கவும் தெரியும். வாய்க்குத்தான் தெரியவில்லை.

இது எனக்கு மட்டும் நடந்த கூத்தல்ல. மெதடிஸ்த மிசனரி வில்லியம் ஓல்ட் மட்டக்களப்பில் பள்ளிக்கூடம் தொடங்கியது 1814 இல். ஆங்கிலம் இந்த ஊருக்குள் வந்து இருநூறு வருடம் தாண்டிவிட்டது. ஆனாலும் புளியந்தீவிலோ கல்முனையிலோ நாம் காதால் கேட்கிற ஆங்கிலம் பாங்க், பஸ், ஒபிஸ், கிரிக்கெட் வர்ணனை என்ற அளவில்தான் இருக்கிறது. அரிதான சொற்கள் புத்தகத்திலிருந்தும் போன் திரையிலிருந்தும் கண் வழியாகவே வருகின்றன. தமிழில் எழுத்தைப் பார்த்தால் ஒலி தெரிந்துவிடும், நாம் அந்தப் பழக்கத்தில் வளர்ந்தவர்கள், அதனால் ஆங்கில எழுத்தையும் அதே மாதிரி நம்பிவிடுகிறோம். கீழே சொல்கிற முறை முழுக்க இந்த ஒரு பிழையைத் திருத்துவதற்குத்தான்: முதலில் காது, பிறகு வாய், கண் கடைசி.

முதல் படி: கொப்பி ஒன்று, சொல் கொஞ்சம்

எண்பது பக்கக் கொப்பி போதும். "தெரிந்திருக்க வேண்டிய நூறு அபூர்வச் சொற்கள்" என்று சுற்றுகிற பட்டியல்களை அப்படியே பிரதி பண்ணாதீர்கள். நான் பண்ணியிருக்கிறேன், மூன்றாம் நாள் ஒன்றும் மிஞ்சவில்லை. ஒரு சொல்லைக் கொப்பியில் ஏற்றுமுன் ஒரே கேள்வி கேளுங்கள்: இந்தச் சொல் குறிக்கிற விசயத்தை என் ஊரில் தொட்டோ, கேட்டோ, முகர்ந்தோ காட்ட முடியுமா? முடியுமென்றால் எழுதுங்கள்.

பெட்ரிகோர் என்று ஒரு சொல். மாதக்கணக்கில் காய்ந்து வெடித்துக் கிடந்த வயலில், பெரும்போகத்துக்கு விதைக்க முன் முதல் மழை விழும்போது எழும்புமே ஒரு வாசம், அதன் பெயர்தான். மண்வாசனை என்று நாம் காலங்காலமாகச் சொல்லிவந்ததற்கு ஆங்கிலத்தில் 1964 இல்தான் இந்தத் தனிச்சொல் பிறந்தது. ஒஸ்திரேலிய விஞ்ஞானிகள் இசபெல் ஜோய் பெயார், ரிச்சர்ட் தோமஸ் இருவரும் 'நேச்சர்' சஞ்சிகையில் எழுதிய கட்டுரையில் அதை உருவாக்கினார்கள். கிரேக்கத்தில் பெட்ரா என்றால் கல், இக்கோர் என்றால் தேவர்களின் நரம்பில் ஓடுகிற திரவம். கல்லுக்குள் ஓடும் தேவ இரத்தம்! எழுத்தில் சீ, எச் இரண்டும் சேர்ந்து நிற்பதால் பலர் "பெட்ரிச்சோர்" என்கிறார்கள். கெமிஸ்ட்ரியை நாம் செமிஸ்ட்ரி என்பதில்லையே. கிரேக்க வழி வந்த சொற்களில் அந்த இரண்டெழுத்துக்கும் பெரும்பாலும் 'க்' ஒலிதான்.

இப்படி இன்னும் சில. சப்பாத்து நூலின் நுனியில் பிளாஸ்டிக்கோ தகரமோ சுற்றியிருக்கும், அது பிய்ந்தால் நூல் துளைக்குள் போகாது. அதன் பெயர் அக்லிட், ஊசி என்று பொருள்படும் பிரெஞ்சுச் சொல்லிலிருந்து வந்தது. கல்லடிக் கடற்கரையில் சவுக்கு மரங்களுக்குள் காற்று புகுந்து குசுகுசுக்கிற சத்தத்துக்கு சித்யூரிசம். எழுத்தில் முதலில் ஒரு 'பீ' இருக்கும், அதைத் தொடவே கூடாது. நோன்பு நாளிலோ விரத நாளிலோ பின்னேரம் வயிறு கடமுட என்று உருளுமே, அது போபரிக்மஸ், அழுத்தம் 'ரிக்' இல். நாம் இரட்டைக்கிளவியால் செய்கிற வேலையைக் கிரேக்கர்கள் 'போர்போர்' என்று சத்தத்தையே சொல்லாக்கிச் செய்திருக்கிறார்கள். எனக்கு மிகவும் பிடித்தது ஓவர்மொரோ. நாளை மறுநாள் என்று அர்த்தம். 1535 இல் அச்சான ஆங்கில பைபிளில் இருக்கிறது, பிறகு வழக்கொழிந்துவிட்டது. முந்தநாளைக் குறிக்கவும் எயர்யெஸ்டர்டே என்று ஒன்று இருந்தது, அதையும் தொலைத்துவிட்டு இன்றைக்கு நாலு சொல்லைக் கோர்த்துச் சொல்கிறார்கள்.

இரண்டாம் படி: போனைக் கவிழ்த்து வையுங்கள்

கேம்பிரிட்ஜ், ஒக்ஸ்போர்ட் லேர்னர்ஸ், மெரியம் வெப்ஸ்டர் மூன்று அகராதிகளும் இணையத்தில் இலவசம். சொல்லுக்குப் பக்கத்தில் ஒலிபெருக்கிப் படம் இருக்கும். எல்லோரும் அதை அழுத்துவார்கள், ஆனால் திரையைப் பார்த்துக்கொண்டே அழுத்துவார்கள், அதில்தான் வேலை கெடுகிறது. வீட்டில் தம்பியோ தங்கச்சியோ இருந்தால் அவர்களைத் தேடச் சொல்லுங்கள். நீங்கள் திரையைப் பார்க்காமல் ஐந்து தடவை கேளுங்கள். கேட்டதைத் தமிழ் எழுத்தில் கொப்பியில் எழுதுங்கள். அப்புறம் ஆங்கில எழுத்தைப் பாருங்கள். நீங்கள் எழுதியதற்கும் திரையில் இருப்பதற்கும் நடுவில் எங்கே இடைவெளி விழுகிறதோ அதை மட்டும் சிவப்புப் பேனையால் வட்டமிடுங்கள். அந்த வட்டம்தான் நீங்கள் படிக்க வேண்டியது, மற்றதெல்லாம் தானாக வரும்.

தமிழ் எழுத்தில் எழுதுவது கேவலமென்று ஒரு கூட்டம் சொல்லும். நான் அப்படி நினைக்கவில்லை, எழுதுகிற முறை சரியாக இருந்தால் போதும். நம்மிடம் ஒரு சொத்தும் இருக்கிறது: வெற்றி, பற்று என்று நாம் சொல்லும்போது நாக்கு பல்லுக்குச் சற்று மேலே ஈறில் தட்டுகிறது. ஆங்கிலத்தின் 'ட' என்று நாம் நினைக்கிற ஒலியும் அங்கேதான் பிறக்கிறது, நாக்கை மடித்துச் சொல்கிற நம் 'பட்டு'வில் அல்ல. தேத்தண்ணிக்கு ஆங்கிலத்தில் சொல்வதை நம் ஆட்கள் 'ரீ' என்று எழுதுவதற்கும் ரீச்சர், ரவுண், ரியூசன் எல்லாவற்றுக்கும் பின்னால் இந்தக் காதுதான் இருக்கிறது. ஆகவே கொப்பியில் 'இபிற்றமி' என்று எழுதிக்கொண்டால் நாக்கு சரியான இடத்துக்குப் போகும். (இங்கே வாசிக்க இலகுவாக இருக்கட்டும் என்று ட போட்டே எழுதுகிறேன்.) ஃப வேறு ப வேறு. தேனீ ரீங்காரம் மாதிரி வருகிற 'ஸ'வுக்கு அடியில் ஒரு புள்ளி வைத்துக்கொள்ளுங்கள். உதட்டைக் குவித்துச் சொல்கிற 'வ'வுக்கு மேலே ஒரு சின்ன வட்டம். அடையாளம் உங்களுடையது, பிறகு வாசிக்கும்போது உங்களுக்கு விளங்கினால் சரி.

பிரித்தானிய ஒலியும் அமெரிக்க ஒலியும் தனித்தனியாக இருக்கும், ஒன்றைப் பிடித்துக்கொண்டு அதிலேயே நில்லுங்கள். நாம் கொலிஜ், ஒபிஸ் என்று ஒகரத்தில் சொல்கிறவர்கள், அதனால் பிரித்தானிய ஒலி நம் வாய்க்குப் பக்கம். அகராதியில் ஒலி இல்லாத சொல்லென்றால் ஃபோர்வோ தளத்தில் அந்தந்த மொழிக்காரர்களே சொல்லிப் பதிந்திருப்பார்கள். யூகிளிஷ் தளத்தில் சொல்லைத் தட்டினால் யூடியூப் வீடியோக்களில் அந்தச் சொல் வருகிற இடத்துக்கே கொண்டுபோய் விடும். இயந்திரக் குரலில் சொல்லிக் கொடுக்கிற வீடியோக்களை மட்டும் நம்ப வேண்டாம். அரிதான சொல்லில் இயந்திரமும் நம்மைப் போல எழுத்தைப் பார்த்தே ஊகிக்கிறது.

மூன்றாம் படி: அழுத்தம் எங்கே, அமுக்கல் எங்கே

தமிழில் எல்லா அசையையும் ஏறக்குறைய ஒரே கனத்தில் சொல்லிப் பழகிவிட்டோம். ஆங்கிலத்தில் ஒரு அசை எழும்பி நிற்கும், மற்றவை குந்திவிடும். எழும்ப வேண்டியது எது என்பதை அகராதியில் அந்த அசைக்கு முன்னால், மேலே போட்டிருக்கும் சின்னக் குத்துக்கோடு சொல்லும். ஹைபேர்பலி என்றால் மிகைப்படுத்தல், உயர்வு நவிற்சி. எழுத்தைப் பார்த்தால் "ஹைப்பர்போல்" போலத்தான் இருக்கும், அழுத்தமோ 'பேர்' இல். இபிட்டமியில் 'பிட்' இல். இரண்டும் கிரேக்கத்திலிருந்து வந்தவை, அப்படிப்பட்ட சொற்களில் கடைசி 'ஈ' என்ற எழுத்து பெரும்பாலும் வாய் திறந்து பேசும். கட்டாஸ்ட்ரஃபி, அபொஸ்ட்ரஃபி எல்லாம் அந்தக் குடும்பம்.

குந்திவிடுகிற அசையில் உயிரொலி தேய்ந்துபோகும். அதற்கு சுவா என்று பெயர், அகராதியில் தலைகீழாகக் கவிழ்த்த 'ஈ' எழுத்தால் குறிப்பார்கள். சாதாரண தரத் தமிழில் குற்றியலுகரம் படித்தோமே, 'பாக்கு' என்பதில் கடைசி உகரம் உதடு குவியாமல் அரை மாத்திரையாகக் குறுகுகிறது என்று, அந்தக் குறுகலை ஆங்கிலம் எந்த உயிருக்கும் செய்யும், சொல்லின் எந்த இடத்திலும் செய்யும். இது பிடிபட்டால் பாதி ஆங்கிலம் பிடிபட்ட மாதிரி. பயிற்சி இலகு: அழுத்த அசை வரும்போது மேசையில் ஒரு தட்டு, மற்றவற்றை முணுமுணுத்துக்கொண்டு ஓடுங்கள்.

நான்காம் படி: எழுத்து பொய் சொல்கிற காரணத்தைத் தேடுங்கள்

எனக்கு மிகப் பிடித்த படி இது, அதனால் கொஞ்சம் நீட்டுவேன். உச்சரிக்காத எழுத்தைச் சும்மா மனப்பாடம் பண்ணினால் மறந்துபோகும். ஏன் அங்கே வந்து குந்தியிருக்கிறது என்று தெரிந்தால் மறக்காது.

காரணங்கள் பெரும்பாலும் மூன்று வகை. ஒன்று, ஒரு காலத்தில் உண்மையாகவே உச்சரித்தார்கள். கத்திக்கும் முழங்காலுக்கும் ஆங்கிலச் சொல்லின் தொடக்கத்தில் 'கே' நிற்கிறதே, அதைப் பழைய ஆங்கிலேயர் "க்னீ" என்று வாயாரச் சொன்னார்கள். வில்லியம் கக்ஸ்டன் 1476 இல் இங்கிலாந்துக்கு அச்சு இயந்திரம் கொண்டுவந்த பிறகு எழுத்து கொஞ்சம் கொஞ்சமாக உறைந்துபோனது, ஒலி மட்டும் அதன் பாட்டில் ஓடிக்கொண்டே இருந்தது. இரண்டு, படித்தவர்கள் செய்த வேலை. கடனுக்கான சொல் பிரெஞ்சிலிருந்து "டெட்" என்றே வந்தது, லத்தீன் மூலம் தெரிய வேண்டும் என்று பண்டிதர்கள் நடுவில் ஒரு 'பி' எழுத்தைச் செருகினார்கள். உணவுப்பொருளைக் குறிக்கிற விட்டல்ஸ் என்ற சொல்லை எழுத்தில் பார்த்தால் "விக்சுவல்ஸ்" மாதிரி இருக்கும், அங்கே சீயைச் செருகியதும் அதே லத்தீன் பற்றுத்தான். குற்றஞ்சாட்டுவதற்கான இன்டைட், அதிலும் சீ சும்மா நிற்கிறது.

மூன்றாவது, அப்பட்டமான பிழை. டார்மிகன் என்று குளிர் மலைகளில் வாழும் ஒரு பறவை. ஸ்கொட்லாந்தின் கேலிக் மொழியில் டார்மகன். அதில் 'பீ'யே கிடையாது. 1684 இல் ரொபர்ட் சிபல்ட் என்ற அறிஞர், இது கிரேக்கச் சொல்லாக்கும் என்று நினைத்து முன்னால் ஒரு 'பீ'யை ஒட்டிவிட்டார், இன்றைக்கு வரைக்கும் கழற்றவில்லை. தீவுக்கான ஆங்கிலச் சொல்லில் இருக்கிற 'எஸ்' எழுத்தும் இப்படித்தான், சம்பந்தமில்லாத லத்தீன் சொல்லோடு முடிச்சுப் போட்டதால் வந்தது.

கேணல் என்ற இராணுவப் பதவியின் கதை இன்னும் நல்லது. எழுத்தைக் கூட்டினால் "கொலொனெல்". இத்தாலிய வடிவத்தில் 'ல'கரம், பிரெஞ்சில் அது 'ர'கரமாகி "கொரொனெல்". ஆங்கிலேயர் எழுத்தை இத்தாலியிடமும் ஒலியைப் பிரான்சிடமும் எடுத்துக்கொண்டு இரண்டையும் ஒரே வீட்டில் குடிவைத்தார்கள். நம் பத்திரிகைகள் பல வருடமாகக் 'கேணல்' என்றே எழுதிவந்ததால் இந்த ஒன்றை நமக்கு யாரும் சொல்லித்தரத் தேவையில்லை.

கடல் சொற்கள் தனிச் சாதி. வாழைச்சேனைத் துறைமுகத்தில் நின்று வள்ளத்தின் பக்கப் பலகையின் மேல்விளிம்பைத் தொட்டுப் பாருங்கள், அதன் பெயரை எழுத்தில் பார்த்தால் "கன்வேல்", வாயில் கனல். நெருப்புக் கனலை நினைத்துக்கொண்டால் போதும், முதலெழுத்தை மட்டும் கங்கையின் முதல் ஒலி மாதிரி சொல்லுங்கள். போர்க்கப்பலில் பீரங்கியை அந்தப் பலகையில் தாங்க வைத்ததால் வந்த பெயர். கப்பலின் தளத் தலைவர் "போட்ஸ்வெய்ன்" அல்ல, போஸன். முன்பக்க அறை "ஃபோர்காசில்" அல்ல, ஃபோக்ஸல். காற்றிலும் அலையிலும் கத்திக் கத்தியே தேய்ந்த சொற்கள் இவை. கப்பலைக் கட்டி நிறுத்துகிற துறைக்குக் 'கீ', எழுதுவதோ க்யூ, யூ, ஏ, வை. கடவுளே.

ஐந்தாம் படி: பதம் பிரியுங்கள்

நீளமான சொல்லைக் கண்டால் பயப்படாமல், செய்யுளைப் பதம் பிரிக்கிற மாதிரிப் பிரியுங்கள். ஆங்கில அகராதிகளில் இருக்கிற மிக நீளமான சொற்களில் ஒன்று 45 எழுத்து: நியூமொனோ, அல்ட்ரா, மைக்ரொஸ்கொபிக், சிலிக்கோ, வொல்கேனோ, கோனியோசிஸ். நுரையீரல், மிக, நுண்ணிய, சிலிக்கா, எரிமலை, தூசியால் வரும் நோய். எரிமலைத் தூசி நுரையீரலில் படிந்து வருகிற வருத்தம் என்று பொருள் தானாக விழுந்துவிட்டது. உண்மையில் எந்த டொக்டரும் இதை எழுத மாட்டார், சிலிக்கோசிஸ் என்பார். 1935 இல் அமெரிக்கப் புதிர்ச் சங்கம் ஒன்றின் தலைவராக இருந்த எவரெட் ஸ்மித் நீளத்துக்காகவே இதைக் கட்டினார்.

அதைவிடப் பிரயோசனமான நீளச்சொல் அல்ட்ராகிரெப்பிடேரியன், அழுத்தம் 'டே' இல். செருப்புத் தைப்பவர் ஒருவர் அப்பெல்லஸ் என்ற கிரேக்க ஓவியரின் படத்தில் செருப்பு பிழை என்றாராம், ஓவியர் திருத்தினார். அடுத்து காலும் பிழை என்றதும், செருப்புக்கு மேலே போகாதே என்று விட்டாராம். தனக்குத் தெரியாத விசயத்தில் கருத்துச் சொல்கிறவர் என்று பொருள். கிரிக்கெட் மட்ச் அன்று தேத்தண்ணிக் கடைப் பக்கம் போனால் ஏழெட்டுப் பேரைக் காட்டலாம்.

ஆறாம் படி: நம் வீட்டிலிருந்து போனவற்றைத் தேடுங்கள்

சில சொற்கள் தமிழிலிருந்து போய் உருமாறித் திரும்பி வந்திருக்கின்றன. பொருள் ஏற்கெனவே தெரியுமாதலால் ஒலியை மட்டும் மாற்றிக்கொண்டால் போதும், அதுதான் இவற்றின் வசதி. அனிகட் என்றால் அணைக்கட்டு. அழுத்தம் முதல் அசையில். 1949 இல் தொடங்கிய கல்லோயாத் திட்டத்துக்குப் பிறகு வாய்க்காலும் அணையுமாகக் கிடக்கிற அம்பாறை மாவட்டத்தில் நீர்ப்பாசன ஆங்கிலக் கடதாசிகளைப் புரட்டினால் இந்தச் சொல் தட்டுப்படும், இங்கிலாந்தில் கேட்டால் பலருக்குத் தெரியாது. ஷரூட் நம் சுருட்டு, அழுத்தம் கடைசியில். மலிகட்டோனி என்று வெள்ளைக்காரர் குடிக்கிற சூப் நம் மிளகுதண்ணீர், அழுத்தம் 'டோ' இல். கட்டமரான் கட்டுமரம்தான், ஆனால் அவர்கள் இப்போது இரட்டை உடல் படகைச் சொல்கிறார்கள். மாணிக்கமும் நீலமும் எந்தக் கனிமத்தின் வகைகளோ அதற்கு கொரண்டம் என்று பெயர், நம் குருந்தக்கல். கொயர், கயிறு; மலையாளமும் நாமும் சேர்ந்து கொடுத்தது.

ஊரையே குறிக்கிற சொல்லும் ஒன்று உண்டு. செரண்டிப்பிட்டி, அழுத்தம் 'டிப்' இல். தேடாமலே நல்லது ஒன்று தட்டுப்படுவது. ஹொரஸ் வோல்போல் என்ற ஆங்கிலேயர் 1754 ஜனவரி 28 அன்று எழுதிய கடிதத்தில் உருவாக்கினார், செரண்டிப் என்பது இலங்கைக்குப் பாரசீகரும் அரபிகளும் வைத்த பழைய பெயர். அப்புறம் மட்டக்களப்பில் நாம் பறங்கியர் என்று சொல்கிற சமூகத்தாரை ஆங்கிலத்தில் எழுதும்போது நடுவில் ஒரு 'எச்' வரும், ஒலி அச்சாகப் பேகர்தான், கடையில் விற்கிற பேகர் எப்படியோ அப்படியே. "பர்க்ஹர்" என்று சொல்லி நான் ஒரு பறங்கிய அன்ரியிடம் வாங்கிக் கட்டியிருக்கிறேன்.

ஏழாம் படி: பேய்ச்சொல்லா என்று பாருங்கள்

அகராதியில் இருந்தாலே உண்மைச் சொல் என்றில்லை. 1934 இல் வந்த வெப்ஸ்டர் பெரிய அகராதியில் 'டோர்ட்' என்று ஒரு சொல், பொருள் அடர்த்தி. உண்மையில் அடர்த்திக்குப் பெரிய 'டி' அல்லது சின்ன 'டி' (ஆங்கிலத்தில் 'டி ஓர் டி') என்ற சுருக்கக்குறியைப் போடலாம் என்று எழுதியிருந்த சீட்டை யாரோ ஒரே சொல்லாகச் சேர்த்து வாசித்துவிட்டார்கள். 1939 இல்தான் ஒரு பதிப்பாசிரியர் கண்டுபிடித்தார். ஒக்ஸ்போர்ட்டின் 2001 அமெரிக்க அகராதியிலோ 'எஸ்குவிவேலியன்ஸ்' என்று ஒன்றை வேண்டுமென்றே பொய்யாக வைத்தார்கள், யாராவது களவாகப் பிரதி பண்ணினால் பிடிபடட்டும் என்று. வட்ஸ்அப்பில் அழகான படத்தோடு வருகிற சொற்கள் இதைவிட மோசம். இரண்டு பெரிய அகராதிகளில் இல்லாவிட்டால் கொப்பியில் பென்சிலால் எழுதுங்கள், பேனையால் வேண்டாம்.

எட்டாம் படி: எங்கே பாவிக்கலாம்

பரீட்சைக் கட்டுரையில் வேண்டாம். வேலை விண்ணப்பத்தில் வேண்டவே வேண்டாம், வாசிக்கிறவர் அகராதி தேடும் நிலை வந்தால் உங்கள் கடிதம் அடியில் போய்விடும். விவாதப் போட்டியில் ஒன்றே ஒன்று, அதுவும் உடனே பொருளைச் சொல்லிக்கொண்டு. ஸ்கிரபிள் விளையாட்டில் எவ்வளவும்.

வாயில் பதிய வைப்பதற்கு வாரம் ஐந்து சொல்லுக்கு மேல் எடுக்காதீர்கள். ஒவ்வொன்றையும் அந்தப் பொருள் இருக்கிற இடத்தில் நின்று சத்தமாகச் சொல்லுங்கள். நான் மாணவர்களுக்குக் கொடுக்கிற முதல் வார ஐந்து இவை: சப்பாத்துப் போடும்போது அக்லிட், வள்ளத்தடியில் கனல், வாய்க்கால் கட்டில் அனிகட், வெறும் வயிற்றில் போபரிக்மஸ், ஐந்தாவது பிளெனிலூன், அழுத்தம் முதல் அசையில், முழு நிலவு. போயா இரவில் கல்லடிப் பாலத்தில் மீன் பாடுகிறதா என்று காது கொடுத்துக்கொண்டு நிற்கிறவர்கள் யாராவது இருப்பார்கள், அவர்களுக்குப் பக்கத்தில் நின்று இதைச் சொல்லிப் பாருங்கள், என்னது என்று கட்டாயம் கேட்பார்கள்.